கெய்ஷாக்கள்: கலையும் கடனும்

1872ஆம் ஆண்டு, விருந்துகளில் ஆடிப் பாடிக் களிப்பூட்டும் ஜப்பானியக் கெய்ஷாக்களின் வாழ்க்கையைப் புரட்டிப் போட்ட ஆண்டு. மூன்று ஆண்டுகளுக்கு முன்புதான் பேரரசர் கியோட்டோவிலிருந்து டோக்கியோவுக்குக் குடிபெயர்ந்திருந்தார். களையிழந்து கிடந்த கியோட்டோ, தன்னை மீட்டுக்கொள்ள அந்த வசந்தத்தில் ஒரு பொருட்காட்சி நடத்தியது. அதுவரை மூடிய அறைகளில் வசதி படைத்த சிலருக்காக ஆடிவந்த கியோன் வட்டாரத்துக் கெய்ஷாக்கள், டிக்கெட் வாங்கிய எவரும் பார்க்கும்படி பொது மேடையில் ஏறினார்கள். மூன்றாம் இனோவே யாச்சியோ என்ற நடன ஆசிரியை அமைத்துக் கொடுத்த அந்த ‘மியாகோ ஒதோரி’ இன்றும் ஏப்ரல் மாதங்களில் அரங்கு நிறைய நடக்கிறது. அதே ஆண்டின் பிற்பகுதியில், விலைமாதர்களையும் கெய்ஷாக்களையும் கடன் தளையிலிருந்து விடுவிக்கும் அரசாணை வெளியானது.

அந்த ஆணைக்குக் காரணமாக அமைந்தது ஒரு கப்பல். இருநூறுக்கும் மேற்பட்ட சீனக் கூலிகளை ஏற்றிக்கொண்டு பெரு நாட்டுக்குப் போய்க்கொண்டிருந்த ‘மரியா லூஸ்’, வழியில் யோகோஹாமா துறைமுகத்தில் ஒதுங்கியது. கூலி ஒருவர் கடலில் குதித்துத் தப்பி நடந்ததைச் சொல்ல, வழக்கு ஜப்பானிய நீதிமன்றத்துக்கு வந்தது. கூலிகள் விடுவிக்கப்பட்டார்கள். ஆனால் விசாரணையில் கப்பல் தரப்பு வழக்கறிஞர் எழுப்பிய வாதம் அரசைச் சுட்டது: உங்கள் நாட்டிலேயே பெண்களைக் கடனுக்கு எழுதி வாங்குகிறீர்களே, எங்களை மட்டும் எப்படிக் குற்றம் சொல்வீர்கள்? உலக நாடுகள் முன் தலைநிமிர முயன்றுகொண்டிருந்த புதிய அரசு அவசர அவசரமாக ஆணை பிறப்பித்தது. அதற்கு நீதித்துறை தந்த விளக்கம் விசித்திரமானது. உரிமை பறிக்கப்பட்ட இப்பெண்கள் மாடு குதிரைக்குச் சமமாகிவிட்டவர்கள். மாட்டிடம் யாரும் கடனைத் திருப்பிக் கேட்பதில்லை. ஆகவே இவர்களிடமும் கேட்கக் கூடாது. இழிவுபடுத்தும் வாதம்தான். என்றாலும் கடன் ரத்தானது. ஆனால் கொஞ்ச காலத்திலேயே, ‘சொந்த விருப்பத்தில் தொழில் செய்பவர்கள்’ என்ற பெயரில் உரிமங்கள் வழங்கப்பட்டன; பழைய கடன் புதிய பத்திரத்தில் திரும்பி வந்தது.

கெய்ஷா கலைஞரா, சுரண்டப்பட்ட பெண்ணா என்று நூறாண்டுக்கும் மேலாகக் கேட்டு வருகிறார்கள். மேடையைப் பார்த்தவர்கள் ஒரு பதில் சொல்கிறார்கள், பத்திரத்தைப் பார்த்தவர்கள் வேறு பதில் சொல்கிறார்கள். இரண்டையும் சேர்த்துப் பார்க்க ஒரு வழி உண்டு என்று நான் நினைக்கிறேன். ஒரு சிறுமியைக் கலைஞராக்குவதற்கு ஆகும் செலவை யார் சுமக்கிறார்கள், அதற்கு ஈடாக அவளிடம் எதை எழுதி வாங்குகிறார்கள் என்று கேட்டுப் பார்த்தால், இந்த 150 ஆண்டு வரலாறு ஒரே கோட்டில் வந்து நிற்கும்.

தொடக்க காலத்தில் விருந்துகளில் கதை சொல்லியும் கொட்டு முழக்கியும் களிப்பூட்டிய கெய்ஷாக்கள் ஆண்கள். 18ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில்தான் பெண்கள் அத்தொழிலுக்கு வந்தார்கள். எடோவின், அதாவது இன்றைய டோக்கியோவின், யோஷிவாரா கணிகையர் பேட்டையில் 1779இல் கெய்ஷாக்களுக்கென்று தனிப் பதிவு அலுவலகம் ஏற்பட்டது. கணிகையரின் வாடிக்கையாளர்களைக் கெய்ஷாக்கள் இழுத்துவிடக் கூடாது என்பதற்காகவே கட்டுப்பாடுகள் வந்தன. கெய்ஷாவுக்கும் கணிகைக்கும் இடையே சட்டம் கிழித்த கோடு இப்படித்தான் பிறந்தது. நடைமுறையில் அந்தக் கோடு ஊருக்கு ஊர் அழிந்தும் தெரிந்தும் கிடந்தது.

1872இன் ஆணையைப் பிறப்பித்த புதிய அரசின் மெய்ஜி காலத்தில் கெய்ஷாக்களின் மதிப்பு உயர்ந்தது. பேரரசின் மூத்த தலைவர்களில் ஒருவரான கிதோ தகயோஷியின் மனைவி, இகுமாட்சு என்ற பெயரில் கியோட்டோவில் கெய்ஷாவாக இருந்தவர். முதல் பிரதமர் இதோ ஹிரோபுமியின் மனைவியும் கெய்ஷாதான். அதே இதோவின் ஆதரவில் புகழடைந்த கெய்ஷா சாதாயாக்கோ 1899இல் அமெரிக்காவுக்கும், மறு ஆண்டு பாரிஸ் உலகக் கண்காட்சிக்கும் போய் நடித்து ஐரோப்பாவைத் தன் பக்கம் திரும்பிப் பார்க்க வைத்தார். 1920களில் நாடெங்கும் 80,000 கெய்ஷாக்கள் வரை இருந்ததாகக் கணக்குச் சொல்கிறார்கள்.

அந்த எண்பதாயிரம் பேரில் சாதாயாக்கோக்கள் விரல்விட்டு எண்ணக் கூடியவர்கள். மற்றவர்கள் யார் என்பதைத் தெரிந்துகொள்ள மசுதா சாயோவைப் படிக்க வேண்டும். 1925இல் பிறந்த அவர், சிறு குழந்தையாகவே ஒரு நிலக்கிழார் வீட்டில் பிள்ளை தூக்கும் வேலைக்கு விடப்பட்டார். பன்னிரண்டாவது வயதில் நாகானோ மாவட்டத்து சுவாவில், வெந்நீர் ஊற்றுகள் உள்ள ஊரில், ஒரு கெய்ஷா வீட்டுக்கு விற்கப்பட்டார். பள்ளிக்கூடம் போகாதவர், வளர்ந்த பிறகு எழுத்துக் கூட்டிப் படித்து, எளிய எழுத்துகளிலேயே தன் வாழ்க்கையை எழுதினார். 1957இல் அது நூலாக வந்தது. சிறுமியின் கன்னிமை விலை பேசப்பட்டதும், பசியும் அடியும், இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய பஞ்சத்தில் தம்பியோடு பட்ட பாடும் அதில் பூச்சு இல்லாமல் இருக்கின்றன. கெய்ஷாக்களைப் பற்றி எழுதப்பட்டவற்றில் இதற்கு ஈடான நூல் இல்லை என்பது என் எண்ணம். ஏனென்றால் வெளியாட்கள் அங்கே மர்மத்தைத் தேடினார்கள். சாயோ எழுதியது சோற்றையும் தூக்கத்தையும் பற்றி.

இதற்கு நேர் எதிரான சாட்சியமும் உண்டு. கியோட்டோவின் கியோன் கோபு வட்டாரத்துப் புகழ்பெற்ற கெய்ஷாவான இவாசாகி மினெகோ, அமெரிக்க எழுத்தாளர் ஆர்தர் கோல்டன் 1997இல் வெளியிட்ட நாவலுக்குத் தகவல் தந்தவர். கன்னிமையை ஏலம் விடும் காட்சி அந்நாவலில் வருகிறது. தன் வாழ்க்கையில் அப்படி ஏதும் நடக்கவில்லை, பெயரை வெளியிடக் கூடாது என்ற உறுதிமொழியும் மீறப்பட்டது என்று 2001இல் வழக்குப் போட்டார். 2003இல் அது சமரசத்தில் முடிந்தது. இடையே அவரே எழுதிய தன்வரலாற்றில் வருவது வேறொரு உலகம்: ஒரு வீட்டின் வாரிசாகத் தத்தெடுக்கப்பட்டு, ஆறு வயதில் நடனம் தொடங்கி, உழைப்பால் உச்சிக்கு வந்த பெருமிதம்.

இவர்களில் யார் சொல்வது மெய் என்று வாதாடுவது வீண். இருவரும் மெய்தான் சொல்கிறார்கள். கியோனில் சொத்துள்ள ஒரு வீட்டின் வாரிசுக்கும், வெந்நீர் ஊற்று ஊரில் கடனுக்கு வாங்கப்பட்ட சிறுமிக்கும் பொதுவாக இருந்தது கெய்ஷா என்ற பெயர் மட்டுமே. ஒருத்திக்குப் பயிற்சிச் செலவு முதலீடு. இன்னொருத்திக்கு அதுவே கொத்தடிமைக் கடன். இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். கல்வியிலும் பெண்களின் உரிமையிலும் சீர்திருத்தம் வேண்டும் என்று தான் கேட்டது எடுபடவில்லை என்ற ஆதங்கத்தோடுதான் இவாசாகியும் 1980இல் தொழிலை விட்டார். அந்த முறையை உயிராக நேசித்தவரே சொன்ன குறை அது.

போரின் கடைசிக் கட்டத்தில், 1944இல், கேளிக்கை விடுதிகளை அரசு இழுத்து மூடியது; கெய்ஷாக்கள் ஆலைகளுக்குப் போனார்கள். போர் முடிந்ததும் வீடுகள் திறந்தன, ஆனால் நாடு மாறியிருந்தது. 1947இல் புதிய அரசமைப்பு நடைமுறைக்கு வந்தது. ஒன்பதாம் ஆண்டுவரை கட்டாயக் கல்வி, தொழிலாளர் தரச் சட்டம், பதினைந்து வயதுக்கு உட்பட்டவரை மதுவிருந்தில் பணியாற்ற வைக்கக் கூடாது என்ற சிறார் நலச் சட்டம் எல்லாம் அடுத்தடுத்து வந்தன. முன்பணம் வாங்கிக்கொண்டு மகளை மதுக்கடை வேலைக்கு விட்ட ஒரு வழக்கில், 1955 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அந்த ஒப்பந்தமே செல்லாது, கொடுத்த பணத்தையும் திருப்பிக் கேட்க முடியாது என்று தீர்ப்பளித்தது. 1872இன் ஆணை அரைகுறையாகச் செய்ததை 83 ஆண்டுகள் கழித்து இத்தீர்ப்பு முழுமையாகச் செய்தது. 1956இல் நிறைவேறிய விபச்சாரத் தடுப்புச் சட்டத்தின் தண்டனைப் பிரிவுகள் 1958இல் நடைமுறைக்கு வந்தபோது, கன்னிமைக்கு விலை பேசும் வழக்கமும் முடிவுக்கு வந்தது.

இந்த மாறுதலின் நடுவே நிற்கும் ஒரு திரைப்படத்தைச் சொல்லாமல் போக முடியாது. மிசோகுச்சி கென்ஜியின் 1953ஆம் ஆண்டுப் படமான ‘கியோன் பயாஷி’யில், பயிற்சிக்குச் சேர்ந்த இளம் பெண் வகுப்பில் எழுந்து கேட்கிறாள்: வாடிக்கையாளர் பலவந்தம் செய்தால் அது புதிய அரசமைப்பு தரும் அடிப்படை உரிமையை மீறுவதாகாதா? ஆசிரியையால் நேராகப் பதில் சொல்ல முடியவில்லை. மிசோகுச்சியின் அக்காவே வறுமையால் கெய்ஷாவாக விடப்பட்டவர். பின்னாளில் அவருடைய ஆதரவில்தான் குடும்பம் நடந்தது. அந்தக் காட்சியில் இருக்கும் கோபம் சொந்த வீட்டிலிருந்து வந்தது.

இப்போது யாரும் மகளை விற்பதில்லை. பதினைந்து வயதில் பள்ளிப் படிப்பை முடித்த பெண்கள் தாங்களாகவே விரும்பி வருகிறார்கள். கியோட்டோவில் கெய்ஷாவுக்குக் கெய்கோ என்று பெயர். பயிற்சியில் இருப்பவள் மைக்கோ. கியோன் கோபு, கியோன் ஹிகாஷி, பொன்தோச்சோ, மியாகாவாச்சோ, கமிஷிச்சிகென் என்ற ஐந்து வட்டாரங்களிலும் சேர்த்து இந்தப் பத்தாண்டின் தொடக்கத்தில் கெய்கோக்கள் இருநூறு பேருக்கும் குறைவு, மைக்கோக்கள் நூறு பேருக்கும் குறைவு. மைக்கோக்களில் பெரும்பாலோர் வெளியூர்க்காரர்கள். தொலைக்காட்சியிலோ பள்ளிச் சுற்றுலாவிலோ பார்த்து ஆசைப்பட்டு வந்தவர்கள்.

வந்தவள் ‘ஒகியா’ என்ற வீட்டில் தங்குகிறாள். வீட்டுத் தலைவியை அம்மா என்றும் மூத்தவர்களை அக்கா என்றும் அழைக்கிறாள். ஏறக்குறைய ஓராண்டு எடுபிடி வேலையும் பாடமும். சொந்த ஊர்ப் பேச்சை மறந்து கியோட்டோப் பேச்சு பழக வேண்டும். பிறகு ஓர் அக்காவோடு மதுக் கிண்ணம் பரிமாறி, அவர் பெயரில் ஓர் எழுத்தைத் தன் பெயரில் சூடிக்கொண்டு அரங்கேறுகிறாள். முதல் ஓராண்டுக்குக் கீழுதட்டில் மட்டுமே சிவப்புச் சாயம். இடுப்பிலிருந்து பின்னால் தொங்கும் கச்சை ஐந்து மீட்டருக்கு மேல் நீளம். அதை இறுக்கிக் கட்டப் பெண்களின் கைவலு போதாது என்பதால், உடுத்திவிடுவதற்கென்றே ஆண் ஆட்கள் வருகிறார்கள்.

தலைமுடியைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். கெய்கோ பொய்முடி வைத்துக்கொள்ளலாம். மைக்கோ தன் சொந்த முடியில்தான் கொண்டை போட வேண்டும். மெழுகு தடவி இழுத்து முடிந்த அந்தக் கொண்டை ஒரு வாரம் கலையக் கூடாது. அதனால் கழுத்துக்கு அடியில் உயரமான கட்டையான தலையணையை வைத்து, புரளாமல் தூங்கப் பழகுகிறாள். ஆண்டுக்கணக்கில் ஒரே இடத்தில் முடியை இழுத்துக் கட்டுவதால் உச்சந்தலையில் காசளவு வழுக்கை விழுகிறது. அதை மைக்கோவின் பதக்கம் என்று அந்த வட்டாரத்தில் பெருமையாகவே சொல்வார்கள். கொண்டையில் செருகும் பட்டுப்பூ மாதத்துக்கு மாதம் மாறும்: பிப்ரவரியில் பிளம், மார்ச்சில் கடுகுப்பூ, ஏப்ரலில் செர்ரி.

காலையில் நடனம், ஷாமிசென் வாத்தியம், பாட்டு, தேநீர்ச் சடங்கு. கியோனில் இந்தப் பாடங்கள் நடக்கும் யசாகா நியோகோபா பள்ளி, விடுதலை ஆணைக்குப் பிறகு பெண்களுக்குக் கைத்தொழில் சொல்லிக்கொடுக்கத் தொடங்கிய நிலையத்தின் வழிவந்தது. எண்பது வயதுக் கெய்கோவும் பதினாறு வயது மைக்கோவும் ஒரே கூரையின் கீழ்ப் பயில்கிறார்கள். மாலையில் ‘ஒச்சாயா’ எனப்படும் விருந்து வீடுகளுக்குப் போக வேண்டும். அறிமுகம் இல்லாத புதியவர்களுக்கு அங்கே இடமில்லை. செலவையெல்லாம் விருந்து வீடே முதலில் கொடுத்துவிட்டு வாடிக்கையாளரிடம் பிறகு வசூலிப்பதால் நம்பிக்கையே அங்கே முதல். அந்தக் காலத்தில் ஊதுபத்தி கொளுத்தி, அது எரிந்து தீரும் நேரத்தைக் கொண்டு கட்டணம் கணக்கிட்டார்கள். கடிகாரம் வந்த பிறகும் ‘ஊதுபத்திக் காசு’ என்ற சொல் வழக்கில் இருக்கிறது.

அந்தக் காசு மைக்கோவின் கைக்கு வராது. ஐந்தாறு ஆண்டு ஒப்பந்தக் காலம் முடியும்வரை அவள் சம்பாதிப்பது ஒகியாவைச் சேரும். சாப்பாடு, தங்குமிடம், பாடக் கட்டணம், விலை உயர்ந்த கிமோனோ எல்லாம் ஒகியாவின் செலவு. அவளுக்குக் கிடைப்பது கைச்செலவுப் பணம். ஒகியா அம்மாக்களின் தரப்பை நான் ஒதுக்கவில்லை. ஒரு பெண்ணை அரங்கேற்ற அவர்கள் பெரும் பணம் போடுகிறார்கள். ஓராண்டில் பிடிக்கவில்லை என்று அவள் போய்விட்டால் அது முழு நட்டம். குருகுலம்போல நடக்கும் இந்த வாழ்க்கை தங்களைச் செதுக்கியது என்று நன்றியோடு பேசும் கெய்கோக்கள் நிறைய உண்டு. திருமணம் செய்தால் தொழிலை விட வேண்டும் என்ற விதி ஒருபுறம் இருக்க, ஆண் முதலாளி இல்லாமல் பெண்களே நடத்தி, பெண் வழியிலேயே சொத்தை ஒப்படைத்து வரும் தொழில் ஜப்பானில் வேறு எது?

இருந்தும், 2022 ஜூனில் ஒரு முன்னாள் மைக்கோ சமூக வலைதளத்தில் எழுதியது நாட்டை உலுக்கியது. பதினாறு வயதில் தன்னை அளவுக்கு மீறிக் குடிக்க வைத்தார்கள், வாடிக்கையாளர்களோடு குளிக்கச் சொன்னார்கள் என்பது அவர் குற்றச்சாட்டு. எல்லா வீடுகளும் அப்படி என்று சொல்ல முடியாது. ஆனால் சட்டத்தின் கேள்விகள் ஒவ்வொரு வீட்டுக்கும் பொருந்தும். இருபது வயதுக்குக் கீழ் மது கூடாது என்ற சட்டம் 1922இலிருந்தே இருக்கிறது. பதினெட்டு வயதுக்கு உட்பட்ட தொழிலாளியை இரவு பத்து மணிக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. ஒப்பந்தத்தை முறித்தால் இவ்வளவு தண்டம் என்று முன்கூட்டியே எழுதி வாங்கவும் தொழிலாளர் சட்டம் இடம் தருவதில்லை. ஆனால் இந்த வேலைச் சட்டங்களின் நிழலில் நிற்க மைக்கோ முதலில் தொழிலாளியாக இருக்க வேண்டும். அவள் மாணவி, பயிற்சியில் இருப்பவள் என்பதே மரபின் பதில். விருந்துக்குக் கட்டணம் வாங்கும்போது அவள் உழைப்பாளி, சம்பளம் கேட்கும்போது மாணவி. இந்த இரட்டை நிலையை இனியும் நியாயப்படுத்த முடியாது.

முன்பும் ஒருமுறை மௌனம் உடைந்ததுண்டு. 1989இல், பிரதமர் உனோ சோசுகேயுடன் தனக்கிருந்த உறவை டோக்கியோவின் ககுராசாகா வட்டாரத்துக் கெய்ஷா ஒருவர் வார இதழுக்குச் சொன்னார். உனோ 69 நாளில் பதவி இழந்ததற்கு அதுவும் ஒரு காரணம். ஆனால் அப்போது பலருக்கு அதிர்ச்சி தந்தது பிரதமரின் நடத்தையைவிட, கெய்ஷா வாய் திறந்துவிட்டாளே என்பதுதான். ரகசியம் காப்பது தொழில் தர்மம் என்பது சரி. அந்தத் தர்மம் யாரைக் காத்தது என்றும் கேட்க வேண்டும்.

பொருளாதாரம் இதற்குள் வேறாகிவிட்டது. தனி ஒருவருக்குச் செலவு செய்த செல்வந்தப் புரவலர்களின் இடத்தை நிறுவனங்களின் விருந்துக் கணக்குகள் பிடித்தன. 1990களின் தொடக்கத்தில் பொருளாதாரக் குமிழி உடைந்தபோது அந்தக் கணக்குகளும் சுருங்கின. அரசியல்வாதிகளால் வாழ்ந்த டோக்கியோவின் அகசாகாவில் ஒருகாலத்தில் நூற்றுக்கணக்கில் இருந்த கெய்ஷாக்களில் மிஞ்சியவர்கள் மிகச் சிலர். கொரோனா காலத்தில் விருந்துகள் நின்றன. 2020இல் மியாகோ ஒதோரியும் ரத்தானது.

சுற்றுலா இன்னொரு சோதனை. விருந்துக்கு விரையும் மைக்கோவைத் துரத்திப் படம் எடுப்பதும் கையைப் பிடித்து இழுப்பதும் தாங்க முடியாமல், கியோன் மக்கள் 2019இல் தனியார் சந்துகளில் படமெடுக்கத் தடை விதித்து, மீறினால் 10,000 யென் என்று பலகை வைத்தார்கள். 2024இல் சில சந்துகளில் சுற்றுலாப் பயணிகள் நுழைவதற்கே தடை வந்தது. கியோட்டோவுக்குச் செல்லும் நம்மவர்களுக்கும் இது பொருந்தும்: வேலைக்குப் போய்க்கொண்டிருக்கும் ஒரு பெண்ணின் வழியை மறிக்காதீர்கள். கலையைப் பார்க்க ஆசை இருந்தால் டிக்கெட் வாங்கி அரங்கில் உட்காருங்கள்.

இனி எண்ணிக்கைக் குறைவைச் சொல்லி, சட்டத்தைக் கொண்டுவந்தால் கலையே அழிந்துவிடும் என்பவர்களுக்கு நீகாட்டா நகரம் பதில் சொல்கிறது. ஜப்பான் கடலோரத்தில் உள்ள அந்தத் துறைமுக நகரின் ஃபுருமாச்சி வட்டாரம் ஒருகாலத்தில் கெய்ஷாக்களுக்குப் பேர்போனது. 1980களில் புதிதாகச் சேர ஆளில்லாமல் அது மறையும் நிலைக்கு வந்தது. உள்ளூர் நிறுவனங்கள் சேர்ந்து 1987இல் ‘ரியூதோ ஷின்கோ’ என்ற பங்கு நிறுவனத்தைத் தொடங்கின. இளம் பெண்களை ஊழியர்களாக எடுத்து, சம்பளம் கொடுத்துக்கொண்டே நடனமும் வாத்தியமும் கற்பித்தார்கள். பயிற்சிச் செலவு சிறுமியின் தோளிலிருந்து ஊரின் தோளுக்கு மாறியது. பத்தாண்டுக்குள் யமகாட்டா நகரமும் இதே வழியில் ஒரு நிறுவனம் அமைத்தது. கியோட்டோவின் குருகுலச் செறிவு அங்கே கிடைக்காது என்று கலை விமர்சகர் ஒருவர் குறை சொல்லலாம். அந்தக் குறையில் உண்மையும் இருக்கலாம். ஆனால் ஃபுருமாச்சியில் இன்றும் ஷாமிசென் ஒலிக்கிறது, வாசித்தவருக்கு மாதம் பிறந்தால் சம்பளம் வருகிறது.

கியோட்டோ நீகாட்டாவை அப்படியே பின்பற்ற வேண்டியதில்லை. அதற்கென்று நூற்றாண்டுப் பள்ளிகளும், அரசு வாழும் தேசியச் செல்வமாக அறிவித்த இனோவே மரபின் ஆசிரியைகளும், மைக்கோவின் படத்தை விளம்பரமாகக் காட்டிச் சம்பாதிக்கும் ஒரு மாநகராட்சியும் இருக்கின்றன. அந்த மாநகராட்சியும் சுற்றுலாத் துறையும் பயிற்சிச் செலவில் பங்கேற்றால் ஒகியா அம்மாக்களின் சுமை குறையும். சம்பளம் தர அவர்களாலும் முடியும். மைக்கோ ஒரு தொழிலாளி என்று ஜப்பானியச் சட்டம் வெளிப்படையாக ஏற்க வேண்டும். பதினெட்டு வயதுவரை இரவு பத்து மணிக்கு மேல் விருந்துக்கு அனுப்பக் கூடாது, இருபது வயதுவரை அவள் முன் மதுக் கிண்ணம் வைக்கக் கூடாது, வேண்டாம் என்று கிளம்புபவளிடம் கணக்குக் கேட்கக் கூடாது. இதற்காகப் புதிதாக எழுத வேண்டிய சட்டம் அதிகம் இல்லை. பெரும்பாலானவை ஏற்கெனவே சட்ட நூலில் இருக்கின்றன.